நிறுவனத்தைக் கணினிக்குள் கட்டிப் பார்ப்பவருக்கு ஒரு வழிகாட்டி

நூறு பேர் ஒரு சதுக்கத்தில் கூடி நிற்கிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். ஒவ்வொருவரிடமும் ஓர் எண் இருக்கிறது. தனக்கு முன்னால் எத்தனை பேர் கல்லெறிந்தால் தானும் எறியத் துணிவார் என்பதே அந்த எண். ஒருவருக்கு 0, அடுத்தவருக்கு 1, அதற்கடுத்தவருக்கு 2 என்று 99 வரை போகிறது. 0 உள்ளவர் யாருக்காகவும் காத்திருக்காமல் எறிகிறார். அதைப் பார்த்து 1 உள்ளவர் எறிகிறார். இருவரைப் பார்த்து மூன்றாமவர். கடைசியில் நூறு பேரும் கலவரத்தில் இறங்கிவிடுகிறார்கள்.

இப்போது ஒரே ஒரு மாற்றம் செய்யுங்கள். 1 உள்ளவரின் எண்ணை 2 ஆக்குங்கள். 0 உள்ளவர் எறிகிறார், அதோடு முடிந்தது. ஒருவர் எறிந்தால் போதும் என்று நினைக்கும் ஆள் இப்போது அங்கே இல்லை. இரண்டு கூட்டங்களுக்கும் சராசரி ஏறத்தாழ ஒன்றுதான். தொண்ணூற்றொன்பது பேர் அப்படியே இருக்கிறார்கள். ஆனாலும் ஓரிடத்தில் பெருங்கலவரம், இன்னோரிடத்தில் தனி ஆள் ஒருவரின் அத்துமீறல்.

சமூகவியலாளர் மார்க் கிரானோவெட்டர் 1978-இல் வெளியிட்ட கணக்கு இது. என் வகுப்புக்கு யார் வந்தாலும் முதலில் இதைத் தாளில் போட்டுப் பார்க்கச் சொல்வேன். ஆட்களைத் தனித்தனியே நன்றாகத் தெரிந்து வைத்திருந்தாலும் அவர்கள் சேர்ந்து என்ன செய்வார்கள் என்பதை மனத்தால் மட்டும் கணிக்க முடியாது என்பதை இதைவிடச் சுருக்கமாகக் காட்டும் கணக்கு எனக்குத் தெரியாது. ஒருவரின் செயல் அடுத்தவரின் சூழலை மாற்றுகிறது. மாறிய சூழல் திரும்பி வந்து முதலாமவரை மாற்றுகிறது. ஐந்தாறு சுற்றுக்கு மேல் நம் மனம் இதைத் தொடர்ந்து பிடித்துக்கொண்டு போகாது. கணினி போகும். சமூகத்தையோ நிறுவனத்தையோ கணினிக்குள் கட்டிப் பார்ப்பதன் தேவை முழுவதும் இங்கேதான் இருக்கிறது.

சிமுலேஷன் என்றதும் பலருக்கு நிரல் எழுதத் தெரியவில்லையே என்ற கவலை வருகிறது. அது சிறிய தடை. சுழற்சியும் அட்டவணையும் தெரிந்தால் பெரும்பாலான மாதிரிகளை எழுதிவிடலாம். அதுவும் வேண்டாம் என்பவர்களுக்கு யூரி விலென்ஸ்கி 1999-இல் வெளியிட்ட நெட்லோகோ என்ற மென்பொருள் இருக்கிறது. இலவசம், உடன்வரும் நூலகத்தில் ஆயத்த மாதிரிகள் நிறைய உண்டு. பைத்தான் நிரல்மொழி தெரிந்தவர்கள் மேசா என்ற தொகுப்பைப் பயன்படுத்தலாம். பொருளியலாளர் தாமஸ் ஷெல்லிங் குடியிருப்புப் பிரிவினையை ஆராய்ந்தபோது ஒரு கட்டப் பலகையில் நாணயங்களைக் கையால் நகர்த்தித்தான் தொடங்கினார். அண்டை வீட்டாரில் ஒரு பகுதியாவது தன்னைப் போன்றவராக இருக்க வேண்டும் என்ற மிதமான விருப்பமே ஊரை இரண்டாகப் பிரித்துவிடப் போதும் என்று அதிலேயே தெரிந்தது. கருவியைப் பற்றி இதற்கு மேல் சொல்ல எனக்கு ஒன்றுமில்லை.

பெரிய தடை, கேள்வி.

கேள்வியைச் சுருக்குங்கள்

“எங்கள் நிறுவனம் எப்படி இயங்குகிறது என்று கணினியில் காட்ட வேண்டும்” என்று வருகிறவர்களைத் திருப்பி அனுப்ப மனம் வராது. ஆனால் அந்தக் கேள்விக்கு மாதிரி கட்ட முடியாது. எதைச் சேர்ப்பது, எதை விடுவது என்று சொல்லித்தர அதற்குள் எதுவுமில்லை. ஐம்பது மாறிகளைப் போட்டுக் கட்டினால் நிறுவனத்தைப் போலவே புரியாத இன்னொரு பொருள்தான் கையில் மிஞ்சும்.

நல்ல கேள்விக்கு ஓர் அடையாளம் உண்டு. விவரம் தெரிந்த இருவர் அதற்கு எதிரெதிர் விடை சொல்வார்கள். இருவர் சொல்வதிலும் நியாயம் இருக்கும். இதோ ஒன்று: புதிதாகச் சேருகிறவர்களை நிறுவனத்தின் வழிமுறைகளுக்கு எவ்வளவு வேகமாகப் பழக்க வேண்டும்? சீக்கிரம் பழகினால் தவறுகள் குறையும் என்பார் ஒருவர். பழகுவதற்கு முன்பிருக்கும் புதுக்கண்ணை இழந்துவிடுவோம் என்பார் மற்றவர். இருவரும் மேசையைத் தட்டிப் பேசலாம். பேச்சில் இது தீராது.

இந்தக் கேள்விக்கு நிறுவன ஆய்வாளர் ஜேம்ஸ் மார்ச் 1991-இல் ஒரு சின்ன மாதிரியைக் கட்டினார். நிறுவன ஆய்வில் நுழைகிற எவரும் அதைத் தம் கையால் ஒருமுறை கட்டிப் பார்க்க வேண்டும் என்பது என் உறுதியான கருத்து. அதையே எடுத்துக்கொண்டு படிப்படியாகப் போகலாம்.

நான்கு பொருள்கள், சில விதிகள்

முதலில் உண்மை நிலவரம். அதை 30 கேள்விகளாகப் பிரியுங்கள். ஒவ்வொன்றுக்கும் சரியான விடை +1 அல்லது −1; நாணயம் சுண்டியதுபோலச் சமவாய்ப்பில் வரட்டும். அடுத்து ஆட்கள், 50 பேர். ஒவ்வொருவரும் ஒவ்வொரு கேள்விக்கும் +1, 0, −1 என்ற மூன்றில் ஒன்றை வைத்திருக்கிறார். 0 என்றால் கருத்தில்லை என்று பொருள். தொடக்கத்தில் மூன்றும் சமவாய்ப்பு. எனவே ஒருவர் சராசரியாக 10 கேள்விகளில் சரியாக இருப்பார். மூன்றாவது, நிறுவனத்தின் பொதுக்கருத்து: விதிப்புத்தகம், நடைமுறை, “இங்கே இப்படித்தான்” என்பதெல்லாம் சேர்ந்தது. அதற்கும் 30 இடங்கள். தொடக்கத்தில் எல்லாம் 0. நான்காவது காலம். சுற்றுகளாக ஓடும்.

ஒவ்வொரு சுற்றிலும் இரண்டு காரியங்கள் நடக்கின்றன. ஆட்கள் பொதுக்கருத்தைக் கற்கிறார்கள்: தம் கருத்து பொதுக்கருத்திலிருந்து வேறுபட்டால், ஒரு குறிப்பிட்ட வாய்ப்பளவில் அதை விட்டுப் பொதுக்கருத்தை ஏற்கிறார்கள். பொதுக்கருத்து 0 ஆக உள்ள இடங்களில் எதுவும் மாறாது. இந்த வாய்ப்பளவைப் பழகும் வேகம் என்று அழைக்கலாம். வேகம் 0.9 என்று வைத்தால், 20 கேள்விகளில் மாறுபட்டு நின்ற ஒருவர் ஒரே சுற்றில் சராசரியாக 18-இல் இணங்கிவிடுவார்.

மறுபக்கம் பொதுக்கருத்து ஆட்களிடமிருந்து கற்கிறது. பொதுக்கருத்தைவிட அதிகக் கேள்விகளில் சரியாக இருப்பவர்களை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். இவர்கள் மேலோர் குழு. ஒவ்வொரு கேள்வியிலும் இந்தக் குழுவின் பெரும்பான்மை பொதுக்கருத்தோடு மாறுபட்டால், பொதுக்கருத்து அதை ஏற்க ஒரு வாய்ப்பு உண்டு. மாறுபடுவோர் எண்ணிக்கைக்கும் ஒத்திருப்போர் எண்ணிக்கைக்கும் உள்ள வித்தியாசம் கூடக்கூட அந்த வாய்ப்பும் கூடும். பொதுக்கருத்து இப்படி மாறும் வேகத்தை நிறுவனம் கற்கும் வேகம் என்போம். அது 0.5, வித்தியாசம் 3 என்றால், பொதுக்கருத்து மாறாமல் நிற்கும் வாய்ப்பு (1 − 0.5)-ஐ மூன்று முறை பெருக்கியது, அதாவது 0.125.

இவ்வளவுதான் மாதிரி. சம்பளம் இல்லை, அதிகாரி இல்லை, பதவி உயர்வு இல்லை. இது நிறுவனமே இல்லையே என்று வகுப்பில் யாராவது சொல்லாமல் இருப்பதில்லை. உண்மைதான். ஆனால் நம் கேள்வி பழகும் வேகத்தைப் பற்றியது. அதற்குத் தேவையானது மட்டும் இங்கே இருக்கிறது. எது இல்லாவிட்டாலும் விடை மாறாதோ அதை விட்டுவிடலாம். விட்டது சரிதானா என்று சந்தேகம் வந்தால், பிறகு சேர்த்துப் பார்க்க வழி எப்போதும் திறந்திருக்கிறது.

ஓட்டுவதற்கு முன் எழுதுங்கள்

ஒரு நோட்டுப் புத்தகம் வைத்துக்கொள்ளுங்கள். இடப்பக்கத்தில் விதிகள், வாக்கியங்களாக. வலப்பக்கத்தில் உங்கள் ஊகம்: பழகும் வேகத்தை 0.1-இலிருந்து 0.9 வரை கூட்டினால் கடைசியில் நிறுவனத்தின் அறிவு (பொதுக்கருத்து சரியாக இருக்கும் கேள்விகளின் பங்கு) ஏறுமா, இறங்குமா, ஏறி இறங்குமா? கோட்டை வரையுங்கள், ஏன் என்று இரண்டு வரி எழுதுங்கள். தேதி போடுங்கள்.

இதை நான் யாருக்கும் தளர்த்துவதில்லை. விடையைப் பார்த்த பிறகு எல்லோருக்கும் அது முன்பே தெரிந்ததாகத் தோன்றும். எழுதி வைத்த ஊகம்தான், மாதிரியிடம் நீங்கள் எதைக் கற்றீர்கள் என்று காட்டும். ஊகம் பிசகினால் பிசகிய இடத்தில்தான் சிந்திக்க வேண்டிய பொருள் இருக்கிறது.

இடப்பக்க விதிகளை நிரலாக மாற்றும்போது இன்னொன்று நடக்கும். வாக்கியத்தில் தெளிவாக இருந்ததாகத் தோன்றிய இடங்கள் வாய் பிளக்கும். மேலோர் குழுவில் கருத்தில்லாதவர்களை, அதாவது 0 உள்ளவர்களை, எந்தப் பக்கம் சேர்ப்பது? பெரும்பான்மையை எண்ணும்போது அவர்கள் கணக்கில் உண்டா? ஆட்களும் பொதுக்கருத்தும் ஒரே நேரத்தில் மாறுகிறார்களா, ஒருவர் பின் ஒருவரா? ஒரே நேரம் என்றால் சுற்றின் தொடக்க நிலையை நகலெடுத்து வைத்து, எல்லா மாற்றங்களையும் அந்த நகலைப் பார்த்தே செய்ய வேண்டும். இல்லாவிட்டால் பட்டியலில் முதலில் இருப்பவரின் மாற்றத்தைக் கடைசியில் இருப்பவர் அதே சுற்றில் பார்த்துவிடுவார். பட்டியலின் வரிசை ஒரு சமூக விதியாகிவிடும். இப்படி எடுக்கும் ஒவ்வொரு முடிவையும் இடப்பக்கத்தில் சேர்த்து எழுதுங்கள்.

ஓட்டத் தொடங்கியதும் வரைபடத்துக்குப் போகாதீர்கள். விடை முன்பே உறுதியாகத் தெரிந்த ஓட்டங்களை முதலில் ஓட்டுங்கள். நிறுவனம் கற்கும் வேகத்தை 0 ஆக்கினால் பொதுக்கருத்து கடைசிவரை 0-ஆகவே நிற்க வேண்டும். அதனால் எந்த ஆளும் மாறக் கூடாது. எல்லோருக்கும் தொடக்கத்தில் 0 கொடுத்தால் மேலோர் குழுவே உருவாகாது. எதுவும் அசையக் கூடாது. எல்லோருக்கும் சரியான விடையையே கொடுத்தால் பொதுக்கருத்து விரைவில் 30-இலும் சரியாகிவிட வேண்டும். இந்த மூன்றில் ஒன்று தவறினாலும் நிரலில் பிழை இருக்கிறது. மூன்றும் சரியாக வந்த பிறகே மேலே போங்கள்.

தற்செயல் எண்கள் உள்ள மாதிரியை ஒருமுறை ஓட்டி முடிவு சொல்வது ஒருவரைக் கேட்டுவிட்டு ஊரின் கருத்தைச் சொல்வதற்குச் சமம். மார்ச் ஒவ்வோர் அமைப்புக்கும், அதாவது வேகங்களுக்குக் கொடுக்கும் மதிப்புகளின் ஒவ்வொரு சேர்க்கைக்கும், 80 ஓட்டங்களின் சராசரியை எடுத்தார். பழகும் வேகத்துக்கு 0.1 முதல் 0.9 வரை ஒன்பது மதிப்புகள், நிறுவனம் கற்கும் வேகத்துக்கு மூன்று மதிப்புகள் என்றால் 27 அமைப்புகள். 80 தரம் வீதம் 2,160 ஓட்டங்கள். சாதாரண மடிக்கணினிக்கு இது பாரமே இல்லை. சராசரியின் தடுமாற்றத்தைப் பாதியாக்க நான்கு மடங்கு ஓட்டங்கள் வேண்டும் என்பதை மட்டும் நினைவில் வையுங்கள். ஒவ்வோர் ஓட்டத்துக்கும் தற்செயல் எண்களின் விதை எண்ணை, அதாவது அந்த எண் வரிசையைத் தொடங்கிவைக்கும் எண்ணை, சேமித்து வையுங்கள். வினோதமான ஓட்டம் ஒன்று வந்தால் அதையே மறுபடி ஓட்டிச் சுற்றுச் சுற்றாகப் பார்க்கலாம். சராசரியை மட்டும் பார்க்காமல் பரவலையும் பாருங்கள்.

என்ன வந்தது, ஏன் வந்தது

மார்ச் கண்டது இது: ஆட்கள் மெதுவாகவும் நிறுவனம் வேகமாகவும் கற்கும்போதுதான் கடைசியில் அறிவு அதிகம். ஆட்கள் வேகமாகப் பழகும் நிறுவனம் சீக்கிரம் ஒருமித்துப் போகிறது. ஒருமித்த பிறகு கற்க எதுவும் மிஞ்சுவதில்லை. எல்லோரும் ஒரே கருத்தில் நிற்பார்கள், அதில் தவறானவையும் உறைந்துபோயிருக்கும். சரியான விடை சிலரிடம் இருந்தது. அதைப் பொதுக்கருத்து எடுத்துக்கொள்வதற்குள் அந்தச் சிலர் அதை விட்டுவிட்டார்கள்.

இன்னும் நுட்பமான விளைவு, ஆட்களின் போக்குவரத்து. பழையவர் சிலர் விலகி, எதுவும் பழகாத புதியவர்கள் அவ்விடங்களில் சேரும்படி விதியை மாற்றினால், வேகமாகப் பழக்கும் நிறுவனத்தில் மிதமான போக்குவரத்து பொதுக்கருத்தின் அறிவைக் கூட்டுகிறது. வந்த புதியவர் விலகியவரைவிடச் சராசரியில் குறைவாகவே அறிந்தவர். ஆனால் அவர் அறிந்தது வேறு. பொதுக்கருத்தில் ஏற்கெனவே உள்ளதையே திரும்பச் சொல்லும் பழையவரால் பொதுக்கருத்துக்குப் புதிதாக எதையும் தர முடியாது.

இங்கேதான் பலர் நிறுத்திவிடுகிறார்கள். “புதியவர்களை மெதுவாகப் பழக்குங்கள்” என்று எழுதி அறிக்கையை முடித்துவிடுகிறார்கள். தயவுசெய்து நிறுத்தாதீர்கள். முக்கியமான வேலை இனிமேல்தான்.

ஒருமுறை என் வகுப்பில் பணியாளர் துறையில் நெடுங்காலம் வேலை பார்த்த ஒரு பெண்மணி இருந்தார். வரைபடத்தை நிறைய நேரம் பார்த்துவிட்டு ஒரே கேள்வி கேட்டார்: “மேலோர் யார் என்று அந்த நிறுவனத்துக்கு எப்படித் தெரிகிறது?”

மாதிரிக்குள் யாருமே உண்மை நிலவரத்தை நேரில் தொடுவதில்லை. யாரும் சோதித்துப் பார்ப்பதில்லை, வாடிக்கையாளரிடம் பேசுவதில்லை. வெளியிலிருந்து அறிவு உள்ளே வர ஒரே வழி, பொதுக்கருத்தைவிட அதிகம் அறிந்தவர்கள் யார் என்று சரியாகப் பிரித்தறியும் அந்த ஒரு விதி. அதை நாம் இலவசமாகக் கொடுத்துவிட்டோம்.

அதை எடுத்துவிட்டுப் பாருங்கள். 50 பேருக்கும் ஒரு பதவி வரிசை கொடுங்கள். அறிவுக்கும் அதற்கும் தொடர்பு வேண்டாம். மேலோர் குழு என்பது வரிசையில் முதல் பத்துப் பேர். மற்ற விதிகள் அப்படியே இருக்கட்டும். இப்போது பழகும் வேகத்தை எப்படி மாற்றினாலும், பொதுக்கருத்து சரியாக இருக்கும் பங்கு சராசரியாகப் பாதியைத் தாண்டாது. இதற்கு ஓட்டிப் பார்க்கக்கூட வேண்டாம், யோசித்தாலே தெரியும்: தொடக்கக் கருத்துகள் உண்மையோடு தொடர்பில்லாதவை, உள்ளே வேறு எந்தத் தகவலும் வரவில்லை, ஆகவே +1 ஆனாலும் −1 ஆனாலும் அது சரியாக இருக்க நாணயம் சுண்டும் வாய்ப்புதான். மெதுவாகப் பழக்குவதன் நன்மை முழுவதும் மறைந்துவிட்டது.

அடுத்து இரண்டையும் கலந்து பாருங்கள். ஒவ்வொரு சுற்றிலும் ஒரு வாய்ப்பளவில் அறிவுப்படி குழுவைத் தேர்ந்தெடுங்கள், மற்றபடி பதவிப்படி. அந்த வாய்ப்பளவை 0-இலிருந்து 1 வரை நகர்த்துங்கள். கோடு நேராக ஏறுமா, ஓரிடத்தில் சட்டென்று எழும்புமா? வலப்பக்கத்தில் முதலில் உங்கள் ஊகம். மாணவர்கள் இந்த ஓட்டத்துக்கு வந்து சேரும் நேரம்தான் எனக்கு மிகவும் பிடித்தது. மாதிரி விடை தரும் இயந்திரமாக இருப்பது நின்று, “எங்கள் நிறுவனத்தில் யார் அறிந்தவர் என்று நாங்கள் எதை வைத்து முடிவுசெய்கிறோம்?” என்று அவர்களையே கேட்க வைக்கிறது. பழகும் வேகத்தைப் பற்றிய விவாதத்தை விட்டு அவர்கள் எழுந்து இதைப் பேசத் தொடங்குவார்கள்.

எந்த மாதிரியிலும் இதைச் செய்யுங்கள். விதிகளை ஒவ்வொன்றாக மாற்றுங்கள் அல்லது நீக்குங்கள். எதை நீக்கினாலும் விளைவு நிற்கிறதோ அது அலங்காரம். எதை நீக்கியதும் விளைவு விழுகிறதோ அது தூண். உண்மையான நிறுவனத்துக்குப் போய்ச் சோதிக்க வேண்டியது அந்தத் தூணைத்தான்.

உண்மையோடு ஒப்பிடுவது

இவ்வகை மாதிரியிடம் “அடுத்த ஆண்டு எத்தனை பேர் விலகுவார்கள்” என்று கேட்காதீர்கள். அது வடிவங்களைச் சொல்லும்: எது கூடினால் எது குறையும், எங்கே திருப்பம் வரும், எந்தச் சூழலில் அந்த உறவு தலைகீழாகும். ஒப்பிடுவதும் வடிவங்களைத்தான். ஒரே ஒரு வடிவத்தோடு பொருந்தினால் போதாது; ஒரே வடிவத்தைப் பல வேறு விதிகள் தரக்கூடும். ஒன்றுக்கொன்று தொடர்பில்லாத மூன்று நான்கு வடிவங்களைச் சேர்த்துப் பொருத்திப் பாருங்கள்.

எண்களைவிட முன்னால் ஆட்களிடம் போங்கள். உங்கள் மாதிரியில் “கோப்பு வருகிறது, அதிகாரி முடிவெடுக்கிறார்” என்று ஒரு விதி இருந்தால், கோப்பைக் கையாளும் எழுத்தரிடம் அதைப் படித்துக் காட்டுங்கள். முடிவு எங்கே எடுக்கப்படுகிறது, எது தானாகவே தீர்ந்துபோகிறது, எது யாரும் தொடாமல் கிடக்கிறது என்று அவர் சொல்வார். கோஹன், மார்ச், ஓல்சன் மூவரும் 1972-இல் வெளியிட்ட மாதிரி இதைப் போன்ற கவனிப்பிலிருந்துதான் எழுந்தது: பிரச்சினைகள், தீர்வுகள், ஆட்கள், முடிவெடுக்கும் வாய்ப்புகள் ஆகிய நான்கும் தனித்தனி ஓடைகளாக வந்து, எது எதோடு சந்திக்கிறதோ அதுவே முடிவாகிறது. பல முடிவுகள் பிரச்சினையைத் தீர்க்காமலேயே எடுக்கப்படுகின்றன. அந்தக் கட்டுரையோடு ஃபோர்ட்ரான் நிரலையும் சேர்த்து அச்சிட்டார்கள். அரை நூற்றாண்டுக்குப் பிறகும் ஒருவர் அதை வரி வரியாகப் படித்து, விவரித்ததைத்தான் நிரல் செய்கிறதா என்று சரிபார்க்க முடிகிறது. எனக்கு அந்த நேர்மையின் மேல் மிகுந்த மதிப்பு உண்டு.

உங்கள் மாதிரியையும் அப்படியே விட்டுச் செல்லுங்கள். 2006-இல் சூழலியலாளர்கள் முன்வைத்த ஓ.டி.டி. என்ற விவரிப்பு முறை இப்போது சமூக மாதிரிகளுக்கும் பரவலாகப் பயன்படுகிறது: நோக்கம் என்ன, யார் யார் உள்ளே இருக்கிறார்கள், எந்த வரிசையில் என்ன நடக்கிறது, தொடக்க நிலை என்ன என்று ஒழுங்காக எழுத அது வழிகாட்டும். எழுதியதை நிரல் தெரிந்த வேறொருவரிடம் கொடுங்கள்; உங்கள் நிரலைக் காட்டாமல், விவரிப்பை மட்டும் வைத்து மீண்டும் கட்டச் சொல்லுங்கள். 1996-இல் ஆக்ஸ்டெல், ஆக்ஸெல்ராட், எப்ஸ்டீன், கோஹன் நால்வரும் ஒரு பண்பாட்டுப் பரவல் மாதிரியை முற்றிலும் வேறான இன்னொரு மாதிரிக்குள் மீண்டும் கட்டி, இரண்டும் ஒத்துப்போகின்றனவா என்று சோதித்துப் பார்த்தார்கள். இரண்டு பேர் கட்டியது ஒத்துவராவிட்டால், விதிகளில் எழுதப்படாமல் கிடந்த ஏதோ ஒன்று அங்கே அகப்படும்.

மாதிரியின் முடிவு ஆட்களின் வேலையையோ இடமாற்றத்தையோ தொடும் என்றால், இந்த மறுகட்டுமானம் முடியும் முன் வரைபடத்தை நிர்வாகத்திடம் கொடுக்காதீர்கள். வண்ண வரைபடம் கூட்ட அறைக்குள் நுழைந்துவிட்டால் அதன் அடியில் உள்ள விதிகளை யாரும் கேட்பதில்லை. கொடுக்கும் நாளில் முதல் பக்கத்தில் விதிகளை வையுங்கள், எது தூண் என்பதைத் தடித்த எழுத்தில் போடுங்கள், அந்த விதிகளில் யாரைப் பற்றி எழுதியிருக்கிறீர்களோ அவர்களுக்கும் ஒரு பிரதி கொடுங்கள்.